தொண்டை, நெறி, தோல்: குரங்கம்மையை வீட்டில் எப்படிச் சந்தேகப்படுவது

காய்ச்சலோடு கொப்புளம் எழும்பினால் கொங்கு நாட்டு வீடுகளில் முதலில் வரும் பேச்சு, "அம்மா வந்திருக்குதாட்ட இருக்குது" என்பதுதான். மாசியிலிருந்து சித்திரை வரை அந்தப் பேச்சு பெரும்பாலும் சரியாகவும் இருக்கும். அது சின்னம்மைக் காலம். 2022க்குப் பிறகு இன்னொரு நோயையும் மனதில் வைத்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. குரங்கம்மை, எம்பாக்ஸ் என்று இரண்டு பெயரிலும் சொல்லப்படும் அது இங்கே அபூர்வம். அபூர்வம் என்பதாலேயே கண்ணுக்குத் தப்பிவிடுகிறது.

இணையத்தில் தேடினால் உடம்பு முழுக்கக் கொப்புளம் நிறைந்த படங்களே வரும். அப்படி வந்தால் யாரும் கோட்டைவிட மாட்டார்கள். தப்பிப்போவது வேறு மாதிரி: விழுங்க முடியாத தொண்டை வலி, கழுத்தில் நெறி (நிணநீர்க்கணு வீக்கம்), மறைவிடத்தில் இரண்டோ மூன்றோ புண். தொண்டைக்கு மருந்துக்கடையில் மூன்று நாள் 'டான்சில் மாத்திரை' வாங்கி விழுங்கிவிடுவார்கள். மறைவிடத்துப் புண்ணைப் பற்றி யாரிடமும் வாயே திறக்க மாட்டார்கள். 2022ல் 16 நாடுகளைச் சேர்ந்த 528 நோயாளிகளை வைத்துச் செய்த ஆய்வில் நூற்றுக்கு 95 பேருக்குத் தோலில் கொப்புளமோ புண்ணோ இருந்தது. ஆனால் 64 பேருக்கு மொத்தக் கொப்புளமே பத்துக்கும் குறைவு. வாய், தொண்டை, ஆசனவாய் மாதிரி ஈரமான உள்தோலில் புண் வந்தவர்கள் 41 பேர். ஆக, தொண்டை, நெறி, தோல் மூன்றையும் ஒரே ஆள், ஒரே மூச்சில் பார்க்க வேண்டும். தனித்தனியாகப் பார்த்தால் மூன்றுமே சாதாரண நோயாகத்தான் தெரியும்.

முதலில் 21 நாள் கணக்கு

நோய்க்கிருமி உடம்பில் நுழைந்து அறிகுறி காட்ட 3 முதல் 17 நாள் ஆகலாம். வெளி வரம்பாக 21 நாள் வைத்துக்கொள்வது வழக்கம். அதனால் உடம்பைப் பார்ப்பதற்கு முன்னால் மூன்று வாரத்தைப் பின்னோக்கி எண்ணுங்கள். அந்த நாட்களில் உடம்பில் புண்ணோ கொப்புளமோ இருந்த யாருடனாவது நெருங்கிப் பழக்கம் இருந்ததா? ஒரே படுக்கை, ஒரே துண்டு, ஒரே லுங்கி? வெளிநாட்டுப் பயணம், அல்லது அங்கிருந்து வந்தவருடன் ஒரே வீட்டில் தங்கல்? புதிய உடலுறவு? கடைசிக் கேள்வியைக் கேட்காமல் விட்டால் மற்றதெல்லாம் கேட்டும் பிரயோசனம் இல்லை. அதைப் பெரியவர்கள் சுற்றி நிற்கும்போது கேட்கக் கூடாது. மருத்துவரிடம் தனியாகச் சொல்ல இடம் விட்டாலே போதும்.

இந்தியாவின் முதல் நோயாளி 2022 ஜூலையில் கொல்லத்தில் உறுதியானார். கூடுதல் வேகமாகப் பரவும் 'ஒன்று-பி' வகை 2024 செப்டம்பரில் மலப்புரத்தில் ஒருவரிடம் தெரிந்தது. இருவருமே ஐக்கிய அரபு அமீரகத்திலிருந்து வந்தவர்கள். வாளையாறு தாண்டினால் கேரளம். கோவை பீளமேடு விமான நிலையத்திலிருந்து ஷார்ஜாவுக்கும் அபுதாபிக்கும் சிங்கப்பூருக்கும் நேர் விமானம் உண்டு. அதற்காகப் பயணம் போய் வந்தவரையெல்லாம் சந்தேகிக்க வேண்டியதில்லை. பயணமே போகாதவருக்கும் வரலாம் என்பதை மறக்கவும் வேண்டாம். பனியன் கம்பெனி விடுதி, தறிக்குடோன் அறை, லாரி கேபின் மாதிரி ஒரே போர்வையை மாற்றி மாற்றிப் போர்த்தும் இடங்களில் கேள்வி 'எங்கே போனீர்கள்' என்பதைவிட 'யாருடைய படுக்கை' என்பதாக இருக்க வேண்டும்.

மருதமலைப் படிக்கட்டிலும் ஆழியாறிலும் இருக்கும் குரங்குகளுக்கும் இந்த நோய்க்கும் சம்பந்தம் இல்லை. 1958ல் கோபன்ஹேகன் ஆய்வகக் குரங்குகளிடம் முதலில் கண்டதால் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. ஆப்பிரிக்கக் காடுகளின் கொறி உயிரினங்களே இதன் இருப்பிடம் என்று கருதப்படுகிறது. குரங்கு கடித்தால் வெறிநாய்க்கடி ஊசிக்குத்தான் ஓட வேண்டும். அதேபோல நாமக்கல் பண்ணைகளின் கோழி அம்மையும், மாடுகளுக்கு வரும் தோல் கழலை நோயும் மனிதரைத் தொற்றாது.

தொண்டையைப் பார்க்கும் விதம்

தொண்டை வலி தோல் கொப்புளத்துக்கு முன்னாலும் வரலாம், கூடவும் வரலாம், அதற்குப் பின்னாலும் வரலாம். பழைய பாடப்புத்தக வரிசையில் ஒன்று முதல் நான்கு நாள் வரை காய்ச்சல், தலைவலி, முதுகுவலி, சோர்வு, தொண்டை வலி. அதன் பிறகுதான் கொப்புளம். 2022க்குப் பிறகு அந்த வரிசையை நம்ப முடியவில்லை. லண்டனில் ஒரே மையத்தில் பார்த்த 197 பேரில் சுமார் 17 சதவீதத்தினருக்குத் தொண்டை வலி இருந்தது. காய்ச்சலே இல்லாமல் புண்ணோடு மட்டும் வந்தவர்களும் அவர்களில் இருந்தார்கள்.

பார்ப்பவர் முகக்கவசமும் கையுறையும் போட்டுக்கொள்ள வேண்டும். நோயாளியை ஜன்னலைப் பார்த்து உட்கார வையுங்கள். கைபேசி விளக்கு இருந்தாலே போதும், ஆனால் அந்தக் கைபேசி வாய்க்கு ஒரு முழத்துக்குக் கிட்டே போகக் கூடாது. முதலில் உதடு, உதட்டோரம். அடுத்து உதட்டை மடித்து உட்பக்கம். கன்னத்தின் உட்புறம், ஈறு. நாக்கை நீட்டச் சொல்லி மேல்புறம், இரண்டு விளிம்பு, பிறகு தூக்கச் சொல்லி அடிப்புறம். வாய்க்குள் முதலில் தெரியும் புண் அடிக்கடி நாக்கில்தான் இருக்கும்; அதனால் அங்கே அவசரப்பட வேண்டாம். கடைசியில் மேலண்ணமும் தொண்டையும். சுத்தமான எவர்சில்வர் கரண்டியின் காம்பால் நாக்கின் நடுப்பகுதியை மெல்ல அழுத்தி 'ஆ...' என்று இழுக்கச் சொன்னால் உள்நாக்கும் இரண்டு பக்க டான்சிலும் தெரியும். நாக்கின் அடிவரைக்கும் காம்பை விட்டால் குமட்டி இருமுவார்கள், அது உங்கள் முகத்தில்தான் தெறிக்கும். பார்த்து முடித்ததும் கரண்டியைச் சோப்புப் போட்டுக் கழுவி, பத்து நிமிடம் கொதிநீரில் போடுங்கள். மறுபடி சமையலுக்கு எடுக்காமல் அவருக்கென்றே வைத்துவிடுவது நல்லது.

என்ன தெரிந்தால் சந்தேகம் வலுக்கும்? சுற்றிலும் சிவந்து, நடுவில் வெள்ளையாகவோ வெளிர் மஞ்சளாகவோ, விளிம்பு தெளிவாகத் தெரியும் புண். வாய்க்குள் எப்போதும் ஈரம் இருப்பதால் கொப்புளம் கொப்புளமாகவே நிற்காது; சீக்கிரம் உடைந்து பள்ளமாகிவிடும். முத்து முத்தாகத் தேடினால் கிடைக்காது. ஒரு பக்க டான்சில் மட்டும் பெரிதாக வீங்கி, அதன்மேல் புண்ணோ வெள்ளைப் படலமோ இருந்தால் அதைக் குறித்துக்கொள்ளுங்கள். எச்சில் விழுங்கவே கண்ணில் நீர் வரும் அளவுக்கு வலி, அதற்கேற்ற சளியோ இருமலோ இல்லை என்றால் இன்னும் கவனம்.

சாதாரண வாய்ப்புண், 'சூட்டுக்கு வந்தது' என்று மணத்தக்காளிக் கீரை கடைந்து சாப்பிட்டு ஆற்றிக்கொள்வோமே, அது ஒன்று இரண்டு இடத்தில் வரும். காய்ச்சல் வராது, நெறி கட்டாது, தோலில் எதுவும் இருக்காது. பாக்டீரியா டான்சிலில் இரண்டு பக்கமும் சிவந்து சீழ்ப்புள்ளி தெரியும். ஆன்டிபயாடிக் சரியாக எடுத்தால் இரண்டு மூன்று நாளில் வலி குறைய ஆரம்பிக்கும். அப்படிக் குறையாத டான்சிலும், உடம்பில் எங்கேயோ ஒரு புதுப் புண்ணும் சேர்ந்தால், மறுபடி அதே மாத்திரையை வாங்கப் போகாமல் மருத்துவரிடம் தோலையும் காட்டுங்கள்.

நெறி

சின்னம்மையிலிருந்து குரங்கம்மையைப் பிரிக்க உதவும் அடையாளங்களில் மிகவும் பயனுள்ளது நெறிதான், வீட்டில் யாரும் தேடாததும் அதுதான். மூன்று விரல்களின் சதைப்பகுதியை வைத்து வட்டமாக உருட்டித் தடவ வேண்டும். நுனிவிரலால் குத்தினால் தெரியாது. தாடை எலும்புக்கு அடியில், காதுக்குப் பின்னால், கழுத்தின் இரு பக்கம், அக்குள், தொடை இடுக்கு என்ற வரிசையில் பாருங்கள். எல்லாருக்கும் சின்னச் சின்ன நெறிகள் கைக்குத் தட்டுப்படும், அது தவறில்லை. ஒரு சென்டிமீட்டருக்கு மேல் பெரிதாக, கெட்டியாக, தொட்டால் வலிக்கிற மாதிரி புதிதாக எழும்பியிருந்தால்தான் கணக்கு. குரங்கம்மையில் இவை 1 முதல் 4 சென்டிமீட்டர் வரை போகலாம், ஒரு பக்கமாகவோ இரு பக்கமாகவோ இருக்கலாம்.

எந்த நெறி வீங்கியிருக்கிறது என்பது புண் எங்கே என்பதற்கும் துப்பு. தாடைக்கு அடியில் என்றால் வாயையும் தொண்டையையும் மறுபடி பாருங்கள். தொடை இடுக்கு என்றால் மறைவிடத்தையும் ஆசனவாயையும் கால்களையும் பார்க்க வேண்டும். தொடை இடுக்கு நெறி சில சமயம் 'காலில் முள் குத்தியதால்' என்று விடப்படுகிறது. தோட்டங்காட்டில் வேலை செய்கிறவர்களுக்கு அது உண்மையாகவும் இருக்கும். முள் குத்திய இடம் காலில் தெரிய வேண்டும், அவ்வளவுதான். நெறி இல்லை என்பதற்காகக் குரங்கம்மை இல்லை என்று முடிவு கட்டவும் முடியாது. அந்த 528 பேரில் நெறி கட்டியிருந்தவர்கள் பாதிக்குச் சற்று மேல்.

தோலில் என்ன, எந்த வேகத்தில்

ஒரு கொப்புளத்தின் கதை ஏறக்குறைய இப்படி நடக்கும். முதல் ஒன்றிரண்டு நாள் தட்டையான புள்ளி. அடுத்த ஒன்றிரண்டு நாள் அது மேலெழும்பிய தடிப்பு. பிறகு ஒன்றிரண்டு நாள் தெளிந்த நீர் கோர்த்த கொப்புளம். அதன் பிறகு ஐந்து முதல் ஏழு நாள் வெண்மஞ்சளான முத்து. பெரும்பாலும் நடுவில் ஒரு குழி விழும். கடைசியில் பொருக்கு கட்டி, அது காய்ந்து உதிர ஏழு முதல் பதினான்கு நாள். மொத்தம் இரண்டு முதல் நான்கு வாரம். அளவு பொதுவாக 2 முதல் 10 மில்லிமீட்டர்.

நம் நிறத்துக்கு ஒரு எச்சரிக்கை. ஆங்கிலப் பக்கங்களில் 'சிவப்புப் புள்ளி' என்று எழுதியிருப்பதை நம்பிச் சிவப்பைத் தேடினால் மாநிறத் தோலிலும் கறுத்த தோலிலும் முதல் இரண்டு நாள் ஒன்றுமே தெரியாது. அங்கே புள்ளி கரும்பழுப்பாக, சில சமயம் ஊதா சாயலாக இருக்கும். விளக்கை நேராக அடிக்காமல் தோலுக்குப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்தால் மேடு நிழல் விழுந்து தெரியும். கையுறை போட்ட விரலால் தடவினால் இன்னும் நிச்சயம்: குரங்கம்மை ஆழத்தில் ஊன்றியிருக்கும், தோலுக்கடியில் பச்சைப்பயறை வைத்துத் தைத்த மாதிரி கெட்டியாக நெருடும். அழுத்தினால் எளிதில் உடையாது. உடைத்துப் பார்க்கவும் கூடாது.

தொடக்கத்தில் வலி முன்னால் நிற்கும். பொருக்கு கட்டும் கட்டத்தில்தான் அரிப்பு. முதல் நாளிலிருந்தே சொறியத் தூண்டுகிறது என்றால் சின்னம்மை, சிரங்கு, ஒவ்வாமை ஆகியவற்றை முதலில் நினைக்கலாம்.

எங்கே பார்ப்பது? முகம், கை, கால், உள்ளங்கை, உள்ளங்கால் ஆகிய ஐந்தும் பழைய வகைப் பரவலில் முக்கியம். நடு உடம்பைவிட ஓரங்களில் அதிகம் இருக்கும். நெருங்கிய தொடுதலில் தொற்றியிருந்தால் தொட்ட இடத்திலேயே முதல் புண் வரும்: உதடு, விரல், மறைவிடம், ஆசனவாய். அந்த 528 பேர் ஆய்வில் நூற்றுக்கு 73 பேருக்கு மறைவிடத்திலோ ஆசனவாயைச் சுற்றியோ இருந்தது. மலம் கழிக்கும்போது தாங்க முடியாத வலி, இரத்தம், சளி மாதிரி வடிதல் இருந்தால் 'மூலச்சூடு' என்று நினைத்துக் களிம்பு தடவிக்கொண்டு இருக்காதீர்கள். செருப்பில்லாமல் காட்டில் நடந்து தடித்துப்போன உள்ளங்காலில் கொப்புளம் மேலெழும்பாது. தட்டையான கருத்த வட்டமாக நிற்கும், ஊன்றினால் சுருக்கென்று வலிக்கும். குழந்தைகளுக்கு உள்ளங்கையைத் திருப்பிப் பார்க்க மறக்காதீர்கள்.

வேகத்தைப் பிடிக்கப் புகைப்படம்தான் வழி. தினமும் ஒரே நேரம், ஒரே வெளிச்சம், மூன்று கொப்புளம் மட்டும் தேர்ந்தெடுத்து, பக்கத்தில் தோலில் படாமல் ஒரு பள்ளிக்கூட ஸ்கேலைப் பிடித்து எடுங்கள். நாலு நாள் படத்தை வரிசையாகக் காட்டினால் மருத்துவருக்கு உங்கள் வாய்ப்பேச்சைவிட அது அதிகம் சொல்லும். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டு ஆளுக்கொரு கருத்துக் கேட்பதற்கு அல்ல அந்தப் படங்கள்.

எதோடெல்லாம் குழம்பும்

சின்னம்மையோடுதான் அதிகம். சின்னம்மை தோலின் மேலாப்பில் நிற்கும், மெல்லிய நீர்க்குமிழி, ஒரே நாளில் புள்ளியிலிருந்து நீராகிவிடும். அலையலையாக வருவதால் முதுகில் ஒரு கையளவு இடத்திலேயே புள்ளி, நீர்க்கொப்புளம், பொருக்கு மூன்றும் சேர்ந்திருக்கும். நெஞ்சு, முதுகு, தலைமயிருக்குள் அதிகம். உள்ளங்கை, உள்ளங்காலில் அரிது. அரிப்பு பலம். ஐந்தாறு நாளில் பெரும்பாலும் பொருக்கு தட்டிவிடும். குரங்கம்மையில் ஒரு பகுதியில் இருப்பவை ஏறக்குறைய ஒரே கட்டத்தில் சேர்ந்து நகரும். 'ஏறக்குறைய' என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். 2022க்குப் பிந்தைய நோயாளிகளிடம் கட்டங்கள் கலந்தும் இருந்தன. காங்கோவில் இரண்டு அம்மையும் ஒரே ஆளுக்கு ஒரே நேரத்தில் வந்ததும் பதிவாகியிருக்கிறது. ஆகவே 'பக்கத்து வீட்டுக் குழந்தைக்குச் சின்னம்மை, அதனால் இதுவும் அதுதான்' என்பது பாதித் தர்க்கம்.

தக்காளிக் காய்ச்சல் என்று பள்ளிகளில் பேசப்படும் கை-கால்-வாய் நோயும் வாய்ப்புண், உள்ளங்கை, உள்ளங்கால் என்று அதே இடங்களைத் தொடும். அது பெரும்பாலும் ஐந்து வயதுக்குக் கீழே. கொப்புளம் சின்னதாக, நீள்வட்டமாக, மேலாக இருக்கும். ஏழு முதல் பத்து நாளில் தானே அடங்கும். அக்கி உடம்பின் ஒரு பக்கத்தில், ஒரே நரம்புத் தடத்தில் பட்டையாக வரும், நடுக்கோட்டைத் தாண்டாது. அதன்மேல் காவி பூசியிருந்தால் மருத்துவர் பார்க்க எதுவும் மிச்சமிருக்காது, கழுவிவிட்டுப் போங்கள். சிரங்கில் விரலிடுக்கு, மணிக்கட்டு, இடுப்பு என்று இரவில் அரிப்பு உயிரை எடுக்கும், காய்ச்சல் இராது. உதட்டோரத்தில் கொத்தாக, அடிக்கடி திரும்பத் திரும்ப வரும் கொப்புளம் ஹெர்பிஸ். மறைவிடத்தில் வலியே இல்லாத ஒற்றைப் புண்ணும், சில வாரம் கழித்து உள்ளங்கையில் படையும் என்றால் சிபிலிஸ் என்ற பால்வினை நோய். அதைக் குரங்கம்மைப் பரிசோதனையோடு சேர்த்தே பார்த்துவிடுவது நல்லது. எச்ஐவி பரிசோதனையும் அப்படியே. இரண்டும் அரசு மருத்துவமனையில் கட்டணமின்றிச் செய்வார்கள்.

கொங்குப் பக்கம் இன்னொரு குழப்பம் உண்டு, நகரத்து மருத்துவர்களுக்குச் சட்டென்று தோன்றாதது. எருமை கறப்பவர்களுக்கு மடியிலிருந்து கைக்கு ஒரு வகை அம்மை வரும். அது குரங்கம்மையின் சொந்தக் குடும்பம்தான், கொப்புளமும் கிட்டத்தட்ட அதே மாதிரி, நெறியும் கட்டும். ஆடு மேய்ப்பவர்களுக்கு, வாய்ப்புண் வந்த குட்டியைத் தொட்டதில் விரலில் ஒற்றைக் கெட்டிக் கொப்புளம் வரும். இரண்டும் பெரும்பாலும் கையோடு நிற்கும், தொண்டைக்குப் போகாது. கறவையோ ஆடோ இருந்தால், மடியிலும் வாயிலும் புண் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு அதையும் மருத்துவரிடம் சொல்லுங்கள்.

தடுப்பூசித் தழும்பு பற்றியும் ஒரு வார்த்தை. பெரியம்மைக்கு அந்தக் காலத்தில் குத்திய தடுப்பூசி குரங்கம்மையிலிருந்தும் ஓரளவு காக்கும். 1970களின் கடைசிக்குப் பிறகு பிறந்தவர்களுக்கு அது கிடைத்திருக்காது. இடது தோளில் இருக்கும் சின்னத் தழும்பு காசநோய்க்கான பிசிஜி. அதைக் காட்டி 'எனக்கு அம்மை குத்தியிருக்கிறது' என்று தைரியம் கொள்ள முடியாது.

சந்தேகம் வந்த பிறகு

21 நாள் கணக்கில் ஏதோ ஒன்று பொருந்துகிறது, தொண்டை-நெறி-தோலில் இரண்டு இருக்கிறது என்றால் போதும், பரிசோதனைக்குப் போக வேண்டியதுதான். பேருந்தில் வேண்டாம். 104 சுகாதார உதவி எண்ணுக்கு அழைத்து அறிகுறியைச் சொல்லுங்கள், அல்லது உங்கள் ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போன் செய்துவிட்டுப் போங்கள். கோவை, திருப்பூர், சேலம், கரூர், நாமக்கல் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளும் பெருந்துறையில் உள்ள ஈரோடு அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையும் இந்தப் பக்கத்துக்கு எட்டும் தூரம். முகக்கவசம், முழுக்கைச் சட்டை, கால் மூடும் உடை. திறந்த புண்ணை மெல்லிய துணியால் மூடிக்கொள்ளுங்கள். உள்ளே நுழைந்ததும் முதலில் பார்க்கிற ஆளிடமே சந்தேகத்தைச் சொல்லுங்கள், வெளிநோயாளி வரிசையில் நின்று முறை வந்த பிறகு அல்ல.

நோயை உறுதி செய்வது பிசிஆர் பரிசோதனை. கொப்புளத்தின் மேல்தோல், உள்நீர், அடிப்பகுதி, பொருக்கு ஆகியவற்றிலிருந்து மாதிரி எடுப்பார்கள். ஒரே இடத்தில் எடுக்காமல் உடம்பின் வேறு வேறு இடத்தில் இரண்டு மூன்று கொப்புளத்தில் எடுப்பது நல்லது. தொண்டையிலும் குச்சி விட்டு எடுப்பார்கள். இரத்தப் பரிசோதனை மட்டும் போதாது, ஏனென்றால் இரத்தத்தில் கிருமி கொஞ்ச நாளே இருக்கும். தொண்டை வலி மட்டும் இருந்த நாளில் எடுத்த மாதிரி 'இல்லை' என்று வந்து, பிறகு கொப்புளம் எழும்பினால் மறுபடி எடுக்கச் சொல்லுங்கள். மாதிரி எடுக்கும் முன் மஞ்சள், வேப்பிலை விழுது, களிம்பு எதையும் புண்ணில் அப்பாதீர்கள்.

மருந்துக்கடைக் களிம்புகளில் பெரும்பாலும் ஸ்டீராய்டு கலந்திருக்கும். இரண்டு நாள் வீக்கம் வற்றினமாதிரி காட்டி, உள்ளே கிருமிக்கு வழிவிடும். ஆன்டிபயாடிக் வைரஸை ஒன்றும் செய்யாது. புண்ணில் பாக்டீரியா சேர்ந்தால் மட்டும் மருத்துவர் தருவார். பெரும்பாலானவர்களுக்கு வலியைக் குறைப்பதும், நீர் குறையாமல் பார்ப்பதும், புண்ணைச் சுத்தமாக வைப்பதுமே வைத்தியம்.

வலிக்கும் காய்ச்சலுக்கும் பெரியவர்களுக்குப் பாராசிட்டமால் 500 அல்லது 650 மில்லிகிராம், ஆறு மணி நேரத்துக்கு ஒன்று. கல்லீரல் கோளாறோ குடிப்பழக்கமோ இருந்தால் மருத்துவரைக் கேட்காமல் வேண்டாம். குழந்தைக்கு எடைக்கு ஏற்ப, ஒரு வேளைக்கு ஒரு கிலோவுக்கு 10 முதல் 15 மில்லிகிராம். ஆஸ்பிரின் குழந்தைகளுக்குக் கூடவே கூடாது. தொண்டைக்கு, ஒரு டம்ளர் வெதுவெதுப்பான நீரில் அரை டீஸ்பூன் உப்பு கரைத்து நாளைக்கு நான்கைந்து முறை கொப்பளிக்கலாம். துப்பியதைக் கழிப்பறையில் ஊற்றுங்கள், வாசல் செடியில் அல்ல. சாப்பாடு ஆறியதாக, காரம் புளி இல்லாததாக இருக்கட்டும்: மோர் விட்ட கம்மங்கூழ், ராகிக் கூழ், மிளகாய் போடாமல் குழைய வேகவைத்த அரிசிம்பருப்பு, இளநீர். விழுங்க முடியவில்லை என்று ஒரு வேளை விடலாம். நீரை விடக் கூடாது. ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை இரண்டு மடக்கு என்று கணக்கு வைத்துக் கொடுங்கள்.

எப்போது 108

தொண்டைதான் திடீரென்று ஏமாற்றும் இடம். எச்சிலைக்கூட விழுங்க முடியாமல் வெளியே வழிவது, வாயை இரண்டு விரல் அகலத்துக்கு மேல் திறக்க முடியாதது, குரல் அடைத்து மழுங்குவது, மூச்சு இழுக்கும்போது சத்தம், படுக்க முடியாமல் முன்பக்கம் குனிந்தே உட்காருவது: இவற்றில் ஒன்று இருந்தாலும் டான்சிலைச் சுற்றிச் சீழ் கோர்த்திருக்கலாம், அல்லது மூச்சுக்குழல் வாயில் வீங்கியிருக்கலாம். அந்த நேரத்தில் கரண்டி விட்டுப் பார்ப்பதெல்லாம் வேண்டாம், வண்டியைக் கூப்பிடுங்கள். கண்ணில் கொப்புளம், கண் சிவந்து பார்வை மங்கல், குழப்பமான பேச்சு, வலிப்பு, எட்டு மணி நேரமாகச் சிறுநீர் போகாதது, புண்ணைச் சுற்றிச் சிவப்பும் சூடும் பரவுவது ஆகியவையும் அப்படியே. கர்ப்பிணிகள், சின்னக் குழந்தைகள், கட்டுப்படாத எச்ஐவி உள்ளவர்கள், எக்சிமா (கரப்பான்) உள்ளவர்கள் இந்த அடையாளங்களுக்குக் காத்திருக்காமல் முதல் சந்தேகத்திலேயே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

தனியறையும் துணிமணியும்

இந்த விஷயத்தில் நம் பழக்கம் பாதி வேலையை ஏற்கனவே செய்துவைத்திருக்கிறது. வாசலில் வேப்பிலை கட்டினால் ஒறம்பரை (உறவுக்காரர்) உள்ளே வராது. தனிப் பாய், தனித் தட்டு, வெளியாள் நடமாட்டம் கிடையாது. எல்லாம் சரிதான், அப்படியே செய்யுங்கள். இரண்டு திருத்தம் மட்டும். அரிப்புக்கு வருடிய வேப்பிலைக் கொத்தை இன்னொருவர் தொடக் கூடாது. பையில் கட்டி எரித்துவிட வேண்டும். ஒற்றைப்படை நாள் பார்த்துத் தலைக்குத் தண்ணி ஊற்றியாயிற்று என்பதோடு தனிமை முடிந்ததாக எண்ணவும் கூடாது. சின்னம்மைக்குப் பொருக்கு தட்டினால் போதும். குரங்கம்மைக்கு எல்லாப் பொருக்கும் உதிர்ந்து, அடியில் புதுத் தோல் மூடியிருக்க வேண்டும். வாய்ப்புண்ணும் ஆறியிருக்க வேண்டும். அது மூன்றாவது நீராட்டுக்கு ரொம்ப நாள் கழித்து நடக்கலாம்.

உதிர்ந்த பொருக்கில் உயிருள்ள கிருமி இருக்கும். அதனால் அறையை விளக்குமாறால் பெருக்காதீர்கள், ஈரத்துணியால் துடையுங்கள். படுக்கை விரிப்பை உதறாமல் உட்பக்கமாகச் சுருட்டி நேராக வாளியில் போட்டு, சோப்புத்தூளும் சுடுநீரும் விட்டு ஊற வைத்துத் துவைத்து, வெயிலில் காயப்போடுங்கள். தரைக்கும் கதவுப் பிடிக்கும் பிளீச்சிங் பவுடர் ஒரு லிட்டர் நீருக்குச் சுமார் 15 கிராம்; அன்றன்றைக்குப் புதிதாகக் கலக்க வேண்டும், பழைய கரைசலில் வீரியம் போய்விடும். திறந்து கிடந்து ஈரம் ஏறிய பாக்கெட்டும் அப்படித்தான். பெயிண்ட் போகும், துணி வெளுக்கும், மூடிய அறையில் கலக்கினால் கண்ணும் நெஞ்சும் எரியும். ஜன்னலைத் திறந்துவைத்துக் கலக்குங்கள்.

வீட்டில் கூட இருந்தவர்கள் கடைசியாகத் தொட்ட நாளிலிருந்து 21 நாள் காலையும் மாலையும் காய்ச்சல் பார்த்து, குளிக்கும்போது தோலையும் கழுத்தையும் தடவிப் பார்த்துக்கொள்ள வேண்டும். அறிகுறி இல்லாதவரை வேலைக்குப் போகலாம். இரத்ததானம் மட்டும் அந்த மூன்று வாரம் வேண்டாம். நோய் தீர்ந்தவர் பொருக்கெல்லாம் உதிர்ந்த பிறகும் 12 வாரம் ஆணுறை பயன்படுத்த வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் அறிவுரை.